மருந்து படாத பதினோரு பூச்சிகள்

என் கையெழுத்தால் இதுவரை ஏழு மலைகளில் ஒரு பூச்சி இல்லாமல் போயிருக்கிறது. எட்டாவது மலைக்குக் கையெழுத்துப் போடத்தான் வெண்கல்முடி எஸ்டேட்டுக்கு வந்தேன். வால்பாறைக்கு ஏறும் நாற்பது கொண்டை ஊசி வளைவுகளையும் பல்லைக் கடித்துக்கொண்டு கடந்தேன். ஐம்பத்தெட்டு வயதில் இதெல்லாம் தேவையா என்ற கேள்வியும் முன் சீட்டில் உட்கார்ந்து கூடவே வந்தது.

என் பெயர் ஜெசிந்தா. நான் படித்தது நாவாய்ப்பூச்சிகளை. அதிலும் ஒரே ஒரு பேரினம், ஹெலோபெல்டிஸ். தோட்டத்தில் தேயிலைக் கொசு என்பார்கள். அது கொசுவும் இல்லை, ரத்தமும் குடிக்காது. ஒல்லி உடம்பு, உடம்பைவிட நீளமான மீசை, முதுகில் குண்டூசி குத்தி வைத்ததுபோல ஒரு முள். கொழுந்தில் வாயை ஊன்றி உறிஞ்சினால் இலையில் பழுப்புப் புள்ளி விழும், பிறகு கொழுந்தே கருகிச் சுருண்டுவிடும். நம் தென்னாட்டில் இந்தப் பேரினத்தில் மூன்று இனங்கள் உண்டு. மூன்றும் ஒரு வயிற்றுப் பிள்ளைகள் மாதிரி இருக்கும். ஆணின் வால்நுனியை அறுத்து, காரக் கரைசலில் ஊறவைத்து, நுண்ணோக்கியில் பார்த்தால்தான் இது தீவோரா, இது ஆன்டோனி, இது பிராடி என்று சொல்ல முடியும். சொல்லத் தெரிந்தவர்கள் இன்று நாட்டில் மூன்றே பேர். ஒருவருக்குக் கண் போய்விட்டது. இன்னொருவர் என்னோடு பேசுவதில்லை.

எஸ்டேட் மேனேஜர் பிரணவுக்கு முப்பத்திரண்டு வயது இருக்கும். பதவிக்கு வந்து நாலு மாதம். ஆபீசில் தேநீர் கொடுத்துவிட்டுத் தயங்கித் தயங்கிக் கேட்டார்.

“மேடம், நாளைக்குக் காலையில ஆள் கணக்கெடுக்கற மஸ்டர்ல தொழிலாளர்ககிட்ட இதைப் பத்தி நான் பேசணும். அவங்க இத ஆம்பளப் பூச்சிங்கறாங்க. எனக்கே சரியாப் புரியல.”

“அவங்க சொல்றது சரிதான். ஆய்வகத்துல செஞ்ச ஆண் பூச்சிய விடுவாங்க. அது எந்தப் பெண்ணோட சேர்ந்தாலும் பொறக்கறது பூரா ஆண். அந்த ஆண்களுக்குப் பொறக்கறதும் ஆண்தான். இப்படியே பதினஞ்சு தலைமுறை போனா பெண்ணே இருக்காது. பூச்சிக்குப் பதினஞ்சு தலைமுறைன்னா ஒண்ணரை வருஷம்.”

“அப்புறம்?”

“அப்புறம் ஒண்ணும் இல்ல. நம்ம ஊர்ல தொடர்ந்து பையனாப் பொறந்தா கெடா வெட்டுவாங்க. பூச்சிக்கு அதுதான் சாவு.”

அவர் சிரித்தார். இந்த நகைச்சுவையை ஏழு மலைகளிலும் சொல்லியிருக்கிறேன். ஏழு மேனேஜர்களும் இதே இடத்தில்தான் சிரித்தார்கள்.

“தோட்டத்துல வச்ச கேமராவே இது தீவோரான்னு தொண்ணூத்தொம்பது சதவீதம் சொல்லுதே மேடம். எதுக்கு உங்களைச் சிரமப்படுத்தறாங்க?”

“வடக்க ஒரு மலையில அந்த ஒரு சதவீதம் தப்பாப் போச்சு. ஒரே தோட்டத்துல ரெண்டு இனம் இருந்துச்சு. நெருங்கின இனங்க, எப்பவாவது ஒண்ணோட ஒண்ணு சேரும். தீவோராவுக்கு விட்டது அடுத்த இனத்துலயும் ஏறி, காட்டுக்குள்ள போய், எல்லை தாண்டிப் போயிடுச்சு. அதுக்கப்புறம்தான் சட்டம் வந்துச்சு. மனுஷக் கையால எரநூறு ஆண் பூச்சிய அறுத்துப் பார்த்து, இந்த மலையில இந்தப் பேரினத்துல ஒரே இனம்தான் இருக்குன்னு ஒருத்தர் கையெழுத்துப் போடணும். ரெண்டாவது இனம் ஒண்ணே ஒண்ணு இருந்தாலும் அஞ்சு வருஷத்துக்கு எதையும் விடக் கூடாது.”

“இங்க ஒண்ணுதான் மேடம். நூறு வருஷமா ஒண்ணுதான்” என்றார் பிரணவ், தன் வீட்டுக் கிணற்றைப் பற்றிச் சொல்வதுபோல.

மறுநாள் காலை பழைய ஆஸ்பத்திரிக் கட்டடத்தில் நுண்ணோக்கியை வைத்து உட்கார்ந்தேன். பூச்சிகளைச் சேகரிப்பது தோட்டத்துப் பெண்களின் வேலை. ஒரு குப்பிக்கு ஒரு பூச்சி, கூடவே எந்தக் காட்டில் பிடித்தது என்று எழுதிய துண்டுச் சீட்டு. எஸ்டேட்டில் தேயிலை நட்ட ஒவ்வொரு பகுதியும் காடுதான். ஒன்பதாம் காடு, பதினேழாம் காடு என்று எண் மட்டும் இருக்கும். குப்பிகளைத் தட்டில் அடுக்கிக் கொண்டுவந்தவள் சுக்மதி. மருந்தடிக்கும் கூட்டத்துக்கு அவள்தான் தலைவி. ஐம்பது வயது இருக்கலாம். தோளில் மருந்து டேங்கின் வார் பதிந்த இடம், பட்டை பட்டையாகத் தோல் நிறம் மாறிக் கிடந்தது. தட்டை வைக்குமுன் முகத்தைத் திருப்பி இருமினாள். அது சளி இருமல் இல்லை. அடிநெஞ்சிலிருந்து வறண்டு வரும் அந்த இருமலை ஏழு மலைகளிலும் கேட்டிருக்கிறேன்.

“எத்தனை நாளைக்கு ஒரு தடவ அடிக்கறீங்க?” என்று கேட்டேன்.

“முன்னெல்லாம் மாசம் ஒருக்கா டாக்டரம்மா. இப்ப ஒம்பது நாளுக்கு ஒருக்கா. பூச்சி பழகிருச்சு. நமக்குத்தான் பழகல.”

ட்ரோன் எதற்கு இருக்கிறது என்று கீழே இருப்பவர்கள் கேட்பார்கள். இந்தச் சரிவில் காற்று ஒரு பக்கமாக அடிக்காது. ட்ரோன் தெளித்த மருந்து ஒருமுறை அணைத் தண்ணீரில் போய் விழுந்து பெரிய வழக்கானது. மனிதர்கள் முதுகில் சுமந்து அடித்தால் மருந்து மனிதர்கள் மேல் விழும். அதற்கு யாரும் வழக்குப் போடவில்லை.

“வீட்டுக்காரர்?”

“மூணு வருஷம் ஆச்சு. அவரும் மருந்துதான் அடிச்சாரு.”

“இனிமே அடிக்க வேண்டியிருக்காது” என்றேன். இதைச் சொல்லத்தான் நான் இன்னும் இந்த வேலையில் இருக்கிறேன் என்று வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். களைத்துப் போகும்போதெல்லாம் அந்த இருமலை நினைத்துக்கொள்வேன். ஒரு பூச்சி இனம் போனால் போகட்டும், இந்த இருமல் நிற்கட்டும் என்று சொல்லிக்கொள்வேன்.

சுக்மதி சந்தோஷப்படவில்லை. “டாக்டரம்மா, பக்கத்துப் பேரியாறு மலைக்கும் நீங்கதானே கையெழுத்துப் போட்டீங்க? அங்க இப்ப எப்படி இருக்குன்னு பாத்தீங்களா?” என்று மட்டும் கேட்டாள்.

“இல்ல. ஏன்?”

“சும்மா கேட்டேன்.”

கையெழுத்துப் போட்ட மலைக்கு நான் திரும்பிப் போனதே இல்லை. பூச்சி இல்லாத மலையில் பூச்சிக்காரிக்கு என்ன வேலை?

நான்கு நாட்கள் அறுத்தேன். தீவோரா, தீவோரா, தீவோரா. நூற்று எண்பத்தொன்பது வரை அதேதான். கண் எரிந்தது. ஐந்தாம் நாள் பதினேழாம் காட்டிலிருந்து வந்த தட்டில் முதல் குப்பியை எடுத்து, வால்நுனியைக் கண்ணாடித் தகட்டில் வைத்துக் குனிந்தேன். நிமிர்ந்து கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடி குனிந்தேன்.

ஆன்டோனி.

அந்தத் தட்டில் பதினோரு ஆண்கள் இருந்தன. பதினொன்றும் ஆன்டோனி. முந்திரி, கொய்யா, வேம்பு என்று சமவெளியில் திரிகிற இனம். இந்த உயரத்தில், இந்தக் குளிரில், தேயிலையின் மேல் இருப்பதாக யாரும் எழுதியதில்லை. இருபது வருடமாக என் வேலை சாவுச் சான்றிதழ் எழுதுவது. முதல்முறையாக ஒன்று இருக்கிறது என்று எழுதப் போகிறேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், அந்தப் பத்து நிமிடமும் சுக்மதியின் இருமல் என் நினைவிலேயே இல்லை.

விதிப்படி ஒவ்வொரு பூச்சியின் உடம்பையும் மருந்துப் படிவை அளக்கும் கருவியிலும் வைக்க வேண்டும். எண்ணைக் குறித்துக்கொள்வது, அவ்வளவுதான். யாரும் அதைப் படிப்பதில்லை. முந்தைய நூற்று எண்பத்தொன்பதும் நாற்பது, ஐம்பத்திரண்டு, முப்பத்தெட்டு என்று காட்டியிருந்தன. இந்தப் பதினொன்றும் பூச்சியம் காட்டின. கருவி கெட்டுவிட்டதோ என்று என் விரல் நுனியை வைத்துப் பார்த்தேன். ஐந்தே நாளாக இந்த மலையில் இருக்கிற என் விரலே ஆறு காட்டியது.

ஒன்பது நாளுக்கு ஒருமுறை மருந்தடிக்கிற மலை. காற்று, தண்ணீர், சோறு எல்லாவற்றிலும் மருந்து. இந்தப் பூச்சிகள் மேல் மட்டும் ஒரு துளி இல்லை. குப்பிகளை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தேன். நாலைந்துக்கு மீசை பாதியில் முறிந்திருந்தது. நெருக்கமான இடத்தில் அடைத்து வளர்த்தால் அப்படித்தான் முறியும்.

சீட்டைப் பார்த்தேன். பதினேழாம் காடு என்று சுக்மதியின் கோணல் எழுத்து.

மாலை நாலரை மணிக்குத் தொழிலாளர்களின் லைன் வீடுகளுக்குப் போனேன். வரிசையில் கடைசி வீடு அவளுடையது. கதவு திறந்திருந்தது. அடுப்பில் கஞ்சி கொதித்துக்கொண்டிருந்தது. என் கையில் இருந்த குப்பித் தட்டைப் பார்த்தவுடனேயே அவளுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. ஒன்றும் மறைக்கப் பார்க்கவில்லை. உள்ளறைக்குக் கூட்டிப்போய்க் காட்டினாள்.

ஒரு பழைய கொசுவலை. உள்ளே மண்ணெண்ணெய் டின்களில் தண்ணீர் ஊற்றிக் கொய்யாக் கிளைகளைச் செருகியிருந்தாள். இளந்தளிர்களில் எல்லாம் பழுப்புப் புள்ளிகள். வலைத் துணியில் இருநூறு, முந்நூறு ஆன்டோனி ஒட்டிக்கொண்டு மீசையை ஆட்டின. எங்கள் ஆய்வகத்தில் இரண்டு முறை வளர்க்கப் பார்த்துத் தோற்றிருக்கிறோம்.

“எங்க புடிச்ச?”

“என் மக பூங்குழலி கீழ ஆனைமலையில இருக்கா. மருந்து வாடையே வேண்டாம்னு அவளை அங்க ஒரு தையல் கம்பெனியில சேத்துவிட்டிருக்கேன். அவ வீட்டுப் பின்னால கொய்யா மரம். அதுல இருந்துச்சு.”

“இது வேற இனம்னு உனக்கு எப்படித் தெரியும்?”

“முப்பது வருஷமா இதைக் கொல்றேன் டாக்டரம்மா. மூஞ்சி தெரியாதா? நம்ம மலைப் பூச்சிக்குக் கழுத்து வேற நெறம்.”

கழுத்து நிறத்தை நம்பக் கூடாது என்று என் பாடப்புத்தகம் சொல்லும். அவள் நம்பியிருக்கிறாள், சரியாகவும் இருக்கிறது. எனக்குக் கோபம் அதனாலும் கூடியது.

“அறிவிருக்கா உனக்கு? ரெண்டாவது இனம் இருந்தா அஞ்சு வருஷம் தடை. அஞ்சு வருஷமும் நீங்க மருந்து அடிக்கணும். உன் நெஞ்சு தாங்குமா? உன் புருஷன் எப்படிச் செத்தாருன்னு மறந்துட்டியா?”

“மறக்கல.” அடுப்பைத் தணித்துவிட்டு வந்து தரையில் உட்கார்ந்தாள். எனக்கு ஸ்டூலைத் தள்ளினாள். “பேரியாறு மலையப் பத்திக் கேட்டேன்ல டாக்டரம்மா. நீங்க போகல. நான் போனேன். என் தங்கச்சி அங்கதான் இருந்தா. பூச்சி ஒழிஞ்சதும் மொத வருஷம் எல்லாருக்கும் கொண்டாட்டம். மருந்து டேங்கை எல்லாம் ஆத்துல போட்டாங்க. ரெண்டாம் வருஷம் கொழுந்து பாத்தீங்கன்னா, சீப்பு வச்சுச் சீவுன மாதிரி ஒரே மட்டமா வந்துச்சு. கருகல் இல்ல, சுருளல் இல்ல.”

“நல்லதுதானே?”

“மட்டமா வந்தா மெஷின் வெட்டும்ல?”

ஸ்டூலில் உட்கார்ந்தேன்.

“பூச்சி கடிச்ச செடியில ஒரு கொழுந்து மேல நிக்கும், ஒண்ணு கீழ நிக்கும், ஒண்ணு கருகி நிக்கும். நல்லதை மட்டும் பாத்துக் கிள்ளக் கையி வேணும், கண்ணு வேணும். மெஷினுக்கு அது முடியாது, எல்லாத்தையும் சேத்து மழிச்சுப்புடும். பூச்சி இருக்கங்காட்டிதான் நாங்க இருக்கோம். பேரியாறுல அறுநூறு பேரு இருந்தாங்க. இப்பப் பதினாலு பேரு, மெஷினுக்கு எண்ணெய் போட. லைன் வீட்டுக்கெல்லாம் பூட்டு. தங்கச்சிய ஜார்க்கண்டுக்கே அனுப்பிட்டாங்க.”

“உங்க சொந்த ஊரு ஜார்க்கண்டா?”

“எங்க அப்பன் ஆத்தாவுக்கு. நான் இதே லைன்ல பொறந்தவ. ஒரு தடவ அங்க போனேன், மதராசிக்காரி வந்திருக்காங்கறாங்க. பொள்ளாச்சியில எறங்குனா இந்திக்காரிங்கறாங்க. இந்த மலையில மட்டும்தான் சுக்குன்னு கூப்புடறாங்க.” மறுபடி இருமல் வந்தது. நிற்கும்வரை காத்திருந்து பேசினாள். “மருந்து மெதுவாக் கொல்லும் டாக்டரம்மா. அதுக்குள்ள பத்து, பதினஞ்சு வருஷம் இருந்துக்கலாம். வேலை போனா அடுத்த மாசம் எங்க போய் நிக்கறது?”

ஏழு மலைகள். மனதுக்குள் பெருக்கிப் பார்த்துவிட்டுப் பாதியில் நிறுத்திக்கொண்டேன். எனக்கு யாருமே சொல்லவில்லை என்று சொல்லிக்கொள்ளலாம். யாரிடமும் நான் கேட்டதும் இல்லை. பூச்சியின் வால்நுனியை நானூறு மடங்கு பெரிதாக்கிப் பார்க்கத் தெரிந்தவளுக்கு, அந்தப் பூச்சியின் தயவில் யார் சாப்பிடுகிறார்கள் என்று பார்க்கத் தோன்றவில்லை. அந்த ஸ்டூலில் உட்கார்ந்திருக்கவே கூசியது.

“நீங்க ஒண்ணும் செய்ய வேண்டாம். அந்தச் சீட்டுல இருக்கறத அப்படியே எழுதுனாப் போதும்” என்றாள் சுக்மதி.

“அதுதான் முடியாது.”

அவளுக்குப் புரியவைக்கப் பார்த்தேன். எங்கள் தொழிலில் ஒவ்வொரு பூச்சியையும் குத்தி வைக்கும் ஊசியில் இரண்டு சீட்டு இருக்கும். ஒன்றில் பெயர், மற்றதில் பிடித்த ஊரும் நாளும். பெயர் தப்பாகலாம். இன்றைக்கு நான் ஒரு பெயர் வைப்பேன், ஐம்பது வருடம் கழித்து ஒருவர் வந்து இது முட்டாள்தனம் என்று புதுச் சீட்டுக் குத்துவார். அதனால் யாருக்கும் கேவலம் இல்லை. ஊர்ச் சீட்டு மட்டும் பொய்யாக இருக்கவே கூடாது. பெயர் என்பது எங்கள் அபிப்பிராயம், ஊர் என்பது பூச்சியின் சாட்சி. பொய் ஊர் எழுதிய ஒருவரின் மொத்தச் சேகரிப்பையும் அருங்காட்சியகத்திலிருந்து தூக்கி எறிந்ததைப் பார்த்திருக்கிறேன். அவர் என் ஆசிரியர்.

“நீங்க எழுதறது பொய்யின்னு பூச்சிக்குத் தெரியவா போகுது?” என்றாள்.

“எனக்குத் தெரியும்.”

“ஏழு மலைக்கு உண்மைதானே எழுதுனீங்க?”

அவள் குத்திக்காட்டச் சொல்லவில்லை. சாதாரணமாகத்தான் கேட்டாள். கஞ்சியை ஒரு டம்ளரில் ஊற்றிக் கொடுத்தாள். குடித்தேன். அதிலும் மருந்து இருந்திருக்கும்.

“எந்தக் காட்டுல மருந்தடிச்சு நாளாச்சு?” என்று கேட்டேன்.

“ஒம்பதாம் காடு. வெள்ளிக்கிழமைதான் அடிக்கணும்.”

“காலையில மஸ்டர் முடிஞ்சதும் இந்த வலையோட அங்க வா.”

மறுநாள் ஏழே முக்காலுக்கு ஒன்பதாம் காட்டின் மேல்வரப்பில் நின்றோம். பனி விலகிக்கொண்டிருந்தது. சுக்மதி கொய்யாக் கிளைகளை அந்த வலைத் துணியில் சுற்றிக் குழந்தையைத் தூக்குவதுபோல் கொண்டுவந்திருந்தாள். ஒரு தேயிலைச் செடியின் மேல் வைத்து முடிச்சை அவிழ்த்தாள். பூச்சிகள் கொஞ்ச நேரம் கிளையிலேயே இருந்தன. வெயில் பட்டதும் ஒவ்வொன்றாகத் தட்டுத் தடுமாறிப் பறந்து செடிகளில் உட்கார்ந்தன.

“இதுங்க பெருகிடுமா டாக்டரம்மா?”

“பெருகாது. இது சமவெளிப் பூச்சி. மார்கழிக் குளிர்ல செத்துடும். ஒண்ணு மிஞ்சாது.”

தயக்கமே இல்லாமல் சொன்னேன். மாணவியாக இந்த மலைக்கு வந்தபோது ஜனவரி மாதப் புல்லின் மேல் உப்புத் தூவியதுபோல் உறைபனி கிடந்ததை என் கண்ணால் பார்த்திருக்கிறேன். அந்தக் குளிரை நம்பித்தான் சொன்னேன்.

அரை மணி நேரம் காத்திருந்தோம். காலில் ஏறிய அட்டைகளைச் சுக்மதி உப்புப் பொட்டலத்தால் ஒற்றி ஒற்றி எடுத்தாள். பிறகு பூச்சி பிடிக்கும் உறிஞ்சுகுழாயை வாயில் வைத்துக்கொண்டு நானே குனிந்தேன். தேயிலைக் கொழுந்தில் வாயை ஊன்றியிருந்த ஒரு ஆணை உறிஞ்சிக் குப்பியில் விட்டேன். அதன் பின் இன்னும் பத்து. பழைய பதினொன்றையும் சீட்டில்லாமல் கழிவுநீர்க் குழியில் கொட்டினேன். புதுச் சீட்டு எழுதினேன்: வெண்கல்முடி எஸ்டேட், ஒன்பதாம் காடு, தேயிலைச் செடியின் மேல், இன்றைய தேதி, பிடித்தவர் ஜெசிந்தா. ஒரு சொல் பொய் இல்லை. என் வாழ்க்கையில் எழுதிய சீட்டுகளிலேயே அசிங்கமானது அதுதான்.

பிரணவ் அறிக்கையை இரண்டு முறை படித்தார். “நூறு வருஷமா ஒண்ணுதானே மேடம்” என்றார் மறுபடி. பாவம், அவர் சொன்னதுதான் சரி. கம்பெனி என் வார்த்தையை நம்பவில்லை. பிப்ரவரியில் தங்கள் ஆட்களை அனுப்பி மறுபடி தேடினார்கள். குளிர் எல்லாவற்றையும் கொன்றிருக்கும், நான் மாட்டப்போகிறேன் என்று அந்த மாதம் முழுவதும் எனக்குச் சோறு இறங்கவில்லை. மாட்டினால் மாட்டட்டும் என்ற அளவுக்குக் களைத்திருந்தேன்.

அவர்களுக்கு ஒன்பதாம் காட்டில் மட்டும் நாலாயிரம் ஆன்டோனி கிடைத்தது. பதினேழாம் காட்டிலும் இருந்தது. ஓடை தாண்டி இருபத்திரண்டாம் காட்டிலும் இருந்தது. அன்றைக்குத்தான் அந்த மலையின் வெப்பநிலைக் கணக்கை எடுத்துப் பார்த்தேன். கடைசியாக உறைபனி விழுந்து பத்தொன்பது வருடம் ஆகியிருந்தது. எந்த இனம் எங்கே வாழும் என்று தீர்ப்புச் சொல்கிறவள், குளிர் எப்போது போனது என்று கவனிக்காமல் இருந்திருக்கிறேன்.

நடந்ததையெல்லாம் ஒரு கடிதமாக எழுதினேன். மூன்று பக்கம் வந்தது. அனுப்பவில்லை. அனுப்பி என்ன ஆகப்போகிறது? யார் கொண்டுவந்தாலும் இரண்டு இனமும் இப்போது அந்த மலையில் உண்மையாகவே இருக்கின்றன. சட்டப்படி தடை தடைதான். என் சீட்டு உண்மையாகிவிட்டது. அந்தப் பேரினத்தில் இனி வேலை செய்ய மாட்டேன் என்று அலுவலகத்துக்கு எழுதிக் கொடுத்தேன். வேறு ஆள் இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

ஒன்றரை வருடம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை சுக்மதி போன் செய்தாள். பின்னால் தோட்டத்துச் சத்தம் கேட்டது.

“டாக்டரம்மா, நல்லா இருக்கீங்களா? சும்மாதான் கூப்புட்டேன். எல்லாம் உங்க புண்ணியத்துல நல்லா இருக்கோம்.”

“பூச்சி எப்படி இருக்கு?”

“அதுக்கென்ன, ரெண்டும் சேந்து மேயுது. புதுப் பூச்சியும் பழைய மருந்துக்குப் பழகிருச்சு, அசையவே இல்ல. இப்ப புது மருந்து வந்திருக்கு. கொஞ்சம் காட்டமா இருக்கு, கண்ணு ரெண்டு நாளைக்கு எரியும். நாலு நாளுக்கு ஒருக்கா அடிக்கறோம். ஆள் பத்தலைன்னு எம்பது பேரைப் புதுசா எடுத்திருக்காங்க. அஞ்சு வருஷம் முடிஞ்சாலும் எங்களை அனுப்ப முடியாதுன்னு மேனேஜரே சொல்லிட்டாரு.”

இருமினாள். முன்பைவிட நீளமாக இருந்தது.

“ஒரு நல்ல சேதி சொல்லத்தான் கூப்புட்டேன். கீழ அந்தத் தையல் கம்பெனிய மூடிட்டாங்க. இங்கதான் வேலை கெடக்கேன்னு பூங்குழலியக் கூட்டிட்டு வந்துட்டேன். என் கூட்டத்துலயே சேத்துக்கிட்டாங்க. வீட்டுல ரெண்டு பேரும் ஒண்ணாச் சாப்புட்டு எத்தனை வருஷம் ஆச்சு!”

“அவ… மருந்தா அடிக்கறா?”

“ஆமா டாக்டரம்மா. கை நல்லா ஓடுது அவளுக்கு. நாளுக்குப் பன்னெண்டு டேங்க் அடிக்கறா. முகமூடிதான் மூச்சு முட்டுதுன்னு கழட்டிக் கழட்டி வச்சுர்றா. நான் சொன்னாக் கேக்க மாட்டேங்கறா. நீங்க படிச்சவங்க, நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க. இருங்க, அவகிட்டயே குடுக்கறேன்.”

போன் கை மாறும் சத்தம் கேட்டது. ஒரு இளங்குரல் வணக்கம் சொல்ல ஆரம்பித்து, பாதியில் நிறுத்தி, முகத்தைத் திருப்பி இருமியது.